ஓய்வுக்குச் சில மாதம் இருக்கையில் மாறுதல் ஆணை: கோர்ட்டுக்குப் போகும் முன்னும் பின்னும்

வெள்ளிக்கிழமை சாயங்காலம் நாலே முக்காலுக்குத்தான் அந்த ஆணை வரும். அப்படி ஒரு விதி கிடையாது, வழக்கம்தான். தபால் பிரிவுத் தம்பி கையெழுத்து நோட்டை நீட்டி, "அண்ணே, உங்களுக்கு ஒண்ணு வந்திருக்கு" என்று முகத்தைப் பார்க்காமல் சொல்வார். பிரித்தால் நாலே வரி. ‘நிர்வாக நலன் கருதி’ என்று தொடங்கி, ‘பதிலியை எதிர்பாராமல் இன்று பிற்பகல் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறார்’ என்று முடிந்திருக்கும். ஓய்வுக்குப் பத்து மாதம் இருக்கிறவருக்கு அந்த நாலு வரியைப் படித்ததும் முதலில் வருவது கோபம். அடுத்ததாக, "கோர்ட்ல ஒரு ஸ்டே வாங்கிடலாம்" என்று பக்கத்து சீட்டிலிருந்து ஒரு குரல் வரும்.

நான் வக்கீல் இல்லை. மாவட்ட அலுவலகம் ஒன்றின் பணியமைப்புப் பிரிவில் இருந்து இந்த மாதிரி ஆணைகளை வரைவு எழுதியவன். அவற்றை எதிர்த்து வந்த வழக்குகளுக்குப் பத்திவாரிக் குறிப்பும், அதாவது வழக்கு மனுவின் ஒவ்வொரு பத்திக்கும் அலுவலகத் தரப்புப் பதிலும், தயாரித்தவன். எதிர்ப்பக்கத்தில் உட்கார்ந்து பார்த்ததை வைத்துச் சொல்கிறேன். இந்த மாதிரி வழக்குகளில் பலர் தோற்றது நீதிபதியிடம் இல்லை, ஆணை கைக்கு வந்த முதல் பத்து நாளில். அந்தப் பத்து நாளில் என்ன செய்வது என்பதுதான் இந்தக் கட்டுரையில் பெரும்பகுதி. தமிழ்நாடு அரசு ஊழியரை மனதில் வைத்து எழுதுகிறேன். மத்திய அரசு ஊழியருக்கு மாறுபடும் இடங்களை அங்கங்கே சொல்லிவிடுகிறேன்.

முதல் படி: ஆணையைப் படியுங்கள், இரண்டு தடவை

கோபத்தில் படித்தால் ஊர்ப் பெயர் மட்டும்தான் கண்ணில் படும். ஒரு டீ குடித்துவிட்டு மறுபடி படியுங்கள்.

கீழே யார் கையெழுத்து? உங்களை நியமிக்கவோ மாற்றவோ அதிகாரம் உள்ளவரா, அல்லது அவருக்காக யாரோ போட்டிருக்கிறார்களா? மேலே ‘பார்வை’யில் என்னென்ன கடிதங்கள் குறிப்பிடப்பட்டுள்ளன? அங்கே ‘புகார் மனு நாள்…’ என்று ஒரு வரி இருந்தால் அதைச் சிவப்பு மையில் வட்டமிட்டுக் கொள்ளுங்கள், பின்னால் வேலைக்கு ஆகும். உங்களைப் போடும் பணியிடம் அதே நிலையில், அதே ஊதிய விகிதத்தில் உள்ளதா? அது உங்கள் அலகுக்குள், அதாவது ஒரே முதுநிலைப் பட்டியல் உள்ள நிர்வாக எல்லைக்குள் இருக்கிறதா, வெளியிலா? உங்கள் இடத்துக்கு யாராவது பெயர் சொல்லிப் போடப்பட்டிருக்கிறாரா, இல்லை காலியாக விட்டிருக்கிறார்களா? ‘நிர்வாகக் காரணம்’ என்று இருக்கிறதா, ‘சொந்த விருப்பம்’ என்று இருக்கிறதா?

கடைசிக் கேள்வியைப் பலர் தாண்டிப் போய்விடுகிறார்கள். நிர்வாக மாறுதல் என்றால் பயணப்படியும், புது இடத்தில் சேரத் தரும் பணியேற்பிடைக் காலமும் உண்டு. சொந்த விருப்பம் என்றால் இரண்டும் இல்லை. மத்திய அரசில் 1979-ஆம் ஆண்டு விதிகள்படி வேறு ஊருக்குப் போகிறவருக்கு 1,000 கிலோமீட்டர் வரை 10 நாள், 2,000 வரை 12 நாள், அதற்கு மேல் 15 நாள். இந்த நாட்கள் உங்கள் உரிமை. யோசிக்கவும் வக்கீலைப் பார்க்கவும் மனு எழுதவும் கிடைக்கும் சட்டபூர்வமான அவகாசமும் இதுதான். மருத்துவ விடுப்பு போட்டு அவகாசம் தேடுவதைவிட இது ஆயிரம் மடங்கு மேல்.

இரண்டாம் படி: மாதத்தை எண்ணுங்கள்

தமிழ்நாட்டில் ஓய்வு வயது 2020-இல் 58-லிருந்து 59 ஆகி, 2021-இல் 60 ஆனது. மத்திய அரசில் 1998 முதலே 60. ஓய்வு என்பது வயது நிறையும் மாதத்தின் கடைசி நாள் பிற்பகல். ஒன்றாம் தேதி பிறந்தவருக்கு முந்தைய மாதத்தின் கடைசி நாள். 1.7.1967-இல் பிறந்தவர் 30.6.2027-இல் ஓய்வு, 2.7.1967-இல் பிறந்தவர் 31.7.2027-இல் ஓய்வு. முப்பது வருடம் பணிப் பதிவேடு பார்த்தவர்களே இதில் தடுமாறி, மனுவில் ஒரு மாதம் கூட்டி எழுதியதைக் கண்டிருக்கிறேன். மனுவின் முதல் வரியே தப்பு என்றால் மீதியை யார் நம்புவார்கள்?

இப்போது எல்லோரும் கேட்கும் கேள்வி. "ஓய்வுக்கு ரெண்டு வருஷம் இருந்தா மாத்தக் கூடாதாமே?" பாதி உண்மை. பல துறைகள், வங்கிகள், பொதுத்துறை நிறுவனங்கள் ஆகியவற்றின் மாறுதல் கொள்கைகளில், ஓய்வை நெருங்கியவர்களைக் கூடுமானவரை அசைக்கக் கூடாது என்றோ, அவர்கள் கேட்கும் ஊரிலேயே கூடுமானவரை வைக்கலாம் என்றோ ஒரு வரி இருக்கும். ஓரிடத்தில் ஒரு வருடம், இன்னோரிடத்தில் இரண்டு வருடம் என்று கணக்கு மாறும். தமிழ்நாட்டில் மாறுதல் வழக்குகளில் அடிக்கடி அடிபடுவது பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறையின் 7.1.1994 தேதியிட்ட அரசாணை எண் 10. உங்கள் துறைக்கென்று தனி நெறிமுறை இருந்தால் அதையும் தேடி எடுத்து முழுதாகப் படியுங்கள். யாரோ வாட்ஸ்அப்பில் அனுப்பிய ஒற்றைப் பக்கத்தை நம்பாதீர்கள்.

அந்த வரியில் வரும் ‘கூடுமானவரை’ என்ற சொல்லில்தான் நம் தலைவிதி இருக்கிறது. கூடவில்லை என்று நிர்வாகம் சொல்லிவிட்டால்? 1993-இல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. ஷில்லாங்கில் வேலை பார்த்த மத்திய அரசு ஊழியர் அவர். மனைவியும் அங்கேயே வேலையில் இருப்பதைக் காட்டி, கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்கச் சொல்லும் நெறிமுறையை மேற்கோள் காட்டினார். நெறிமுறையை நிர்வாகம் மனதில் கொள்ள வேண்டும், ஆனால் நீதிமன்றத்தில் நிலைநாட்டத்தக்க உரிமையை அது ஊழியருக்குத் தராது என்று தீர்ப்பானது. ஓய்வு நெருங்கியவருக்கான வரியும் இதே ரகம். அலுவலகத்தில் அதற்குக் கனம் உண்டு, கோர்ட்டில் அது ஒரு மனிதாபிமானக் காரணம்.

தெளிவான எண்ணோடு எழுதப்பட்ட விலக்கு ஒன்று உண்டு. தேர்தல் நேரத்தில், சொந்த மாவட்டத்தில் இருப்பவர்களையும் ஒரே மாவட்டத்தில் நான்கு ஆண்டில் மூன்று ஆண்டு முடித்தவர்களையும் மாற்றச் சொல்லித் தேர்தல் ஆணையம் சுற்றறிக்கை விடுமல்லவா? அதில் அடுத்த ஆறு மாதத்துக்குள் ஓய்வு பெறுகிறவர்களுக்கு விலக்கு உண்டு. தேர்தலைக் காரணம் காட்டி வந்த ஆணை என்றால் முதலில் இதைப் பாருங்கள். இதற்கு ஒரு பக்க மனு போதும், வழக்கே தேவைப்படாது.

உடல் ஊனமுற்ற ஊழியருக்கும், மாற்றுத்திறனாளிப் பிள்ளையைப் பராமரிக்கும் ஊழியருக்கும் தனிப் பாதுகாப்பு இருக்கிறது. 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு, மாற்றுத்திறனாளி ஊழியர்களின் பணியிடம், மாறுதல் குறித்து அரசு கொள்கை வகுக்கலாம் என்கிறது. மத்திய அரசு 2014-லும் 2018-லும் வெளியிட்ட குறிப்பாணைகள் பராமரிப்பாளருக்குச் சுழற்சி மாறுதலிலிருந்து விலக்கு தருகின்றன. உங்கள் வீட்டில் அப்படி ஒரு நிலை இருந்தால், ஓய்வை இரண்டாவது காரணமாக வைத்துக்கொண்டு இதை முதலில் வையுங்கள்.

மூன்றாம் படி: ஆணையில் ஓட்டை இருக்கிறதா?

மாறுதல் என்பது பணியின் ஒரு பகுதி, ஒரே இடத்தில் இருக்க யாருக்கும் உரிமை இல்லை என்பதுதான் நீதிமன்றங்களின் தொடக்கப் புள்ளி. 1991-இல் ஷில்பி போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதைத்தான் இன்றும் அரசு வழக்கறிஞர்கள் பதில் மனுவில் முதல் பத்தியாக வைக்கிறார்கள். சட்ட விதியை மீறியிருக்க வேண்டும் அல்லது கெட்ட நோக்கம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் கோர்ட் தலையிடாது. அதிகாரம் இல்லாதவர் போட்ட ஆணையும் செல்லாது.

விதி மீறல் என்பதில் நம் ஆட்கள் அதிகம் கவனிக்காதது ஊதியம். அடிப்படை விதி 15-இன்படி, திறமைக்குறைவு, தவறான நடத்தை அல்லது ஊழியரின் எழுத்துபூர்வ வேண்டுகோள் ஆகிய காரணங்கள் இல்லாமல், குறைந்த ஊதியமுள்ள பணியிடத்துக்கு ஒருவரை மாற்றக் கூடாது. ஓய்வூதியம் கடைசி ஊதியத்தைப் பொறுத்தது என்பதால், ஓய்வை நெருங்கியவருக்கு இது வெறும் கௌரவப் பிரச்சினை அல்ல. உங்கள் நிலையில் இல்லாத பணியிடத்துக்கோ, அலகை விட்டு வெளியிலோ தூக்கிப் போட்டிருந்தாலும் இதே கோணத்தில் பாருங்கள்.

கெட்ட நோக்கம் என்பது சொல்ல எளிது, நிரூபிக்க மலை. தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பாவின் வழக்கை எடுத்துக்கொள்ளுங்கள். 1973 நவம்பரில் வந்த அந்தத் தீர்ப்பைச் சட்டக் கல்லூரியில் படிக்காத மாணவர் இல்லை. தன்னிச்சையும் சமத்துவமும் ஜென்ம விரோதிகள் என்ற கருத்து இந்தியச் சட்டத்துக்கு அங்கிருந்துதான் வந்தது. அவ்வளவு பெரிய கோட்பாட்டைத் தந்த வழக்கில் ராயப்பா தோற்றுப்போனார். கெட்ட நோக்கத்தை நிரூபிக்கும் பாரம் மிகக் கனமானது, சந்தேகம் மட்டும் போதாது என்றது நீதிமன்றம். தலைமைச் செயலாளருக்கே அந்தக் கதி என்றால் கண்காணிப்பாளர்கள் நாம் எம்மாத்திரம்!

எனவே "அந்த அதிகாரிக்கு என்மேல் காழ்ப்பு" என்று எழுதும் முன் மூன்று விஷயம் பாருங்கள். என்றைக்கு, எதில் மோதல் வந்தது என்று காட்டக் காகிதம் இருக்கிறதா? அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்கத் தயாரா? சேர்க்காமல் குற்றம் மட்டும் சாட்டினால் நீதிமன்றம் அதைக் காதில் போட்டுக்கொள்ளாது. மூன்றாவதாக, அந்தத் தேதிக்கும் ஆணைத் தேதிக்கும் இடையே உள்ள நாட்கள் கதை சொல்கின்றனவா?

இவற்றைவிட ஜெயிக்க வாய்ப்புள்ள வழி, ‘தண்டனைக்குப் பதிலாக மாறுதல்’. 2008 டிசம்பரில் சோமேஷ் திவாரி வழக்கில், பெயரில்லாப் புகாரை அடிப்படையாக வைத்துப் போட்ட மாறுதலை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. விசாரணை செய்து தண்டிப்பது ஒரு வழி, அதைச் செய்யாமல் நிர்வாக நலன் என்ற போர்வையில் தூக்கியடிப்பது வேறு, அது சட்டத்தின் பார்வையில் தீய நோக்கம் என்றது. ஆணையின் ‘பார்வை’யில் புகார் மனு இருந்தால் வட்டமிடச் சொன்னது இதற்காகத்தான். ஆனால் உடனே குதிக்க வேண்டாம். 2004-இல் ஜனார்த்தன் தேப்நாத் வழக்கில், உயர் அதிகாரியிடம் தவறாக நடந்ததாகச் சொல்லி மாற்றப்பட்ட அஞ்சல் துறை ஊழியர்கள் தோற்றார்கள். அலுவலக ஒழுங்கைக் காப்பாற்ற மாற்றும்போது முழு விசாரணை நடத்தித்தான் மாற்ற வேண்டும் என்பதில்லை என்று தீர்ப்பு. உங்கள் வழக்கு இரண்டில் எதற்குப் பக்கத்தில் நிற்கிறது என்பதை வக்கீலிடம் ஒளிக்காமல் சொல்லிக் கேளுங்கள்.

எம்.எல்.ஏ. சிபாரிசில் மாற்றிவிட்டார்கள் என்பதும் அடிக்கடி வரும் புலம்பல். மக்கள் பிரதிநிதி சொன்னார் என்பதால் மட்டும் மாறுதல் கெட்டுப்போகாது என்று 2007-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியாயிற்று. பதிலுக்கு நீங்களும் ஒரு அமைச்சரிடம் சிபாரிசுக் கடிதம் வாங்கி மனுவோடு இணைத்தால் அது நடத்தை விதி மீறல், கோப்பில் உங்களுக்கு எதிராகவே உட்கார்ந்துகொள்ளும்.

நான்காம் படி: சேருவதா, சேராமல் இருப்பதா?

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு பகுதியைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

குஜராத் மின் வாரியத்தில் ஒரு பொறியாளர். 1974-இல் சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றினார்கள். அவர் மனு கொடுத்துவிட்டு, மனுவுக்குப் பதில் வரட்டும் என்று சேராமல் இருந்தார். வேலை போனது. உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார். 1989-இல் உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளிவிட்டது. மனு நிலுவையில் இருக்கிறது என்பதோ, சிரமம் இருக்கிறது என்பதோ ஆணைக்குக் கீழ்ப்படியாமல் இருக்கக் காரணமாகாது. தடையாணையோ நிர்வாகத்தின் ரத்தாணையோ கையில் இல்லாதவரை போய்ச் சேர வேண்டும் என்பதுதான் அங்கே நிலைத்த சட்டம்.

ஓய்வுக்குப் பத்து வருடம் உள்ளவர் சேராமல் இருந்தால் ஒரு தண்டனையோடு போகும். பத்து மாதம் உள்ளவருக்குக் கணக்கே வேறு. அனுமதியின்றிப் பணிக்கு வராமைக்கு 17(பி) குற்றச்சாட்டுக் குறிப்பாணை, அதாவது கடும் தண்டனைக்கு வழிவிடும் ஒழுங்கு நடவடிக்கை வரும். அந்த நடவடிக்கை முடியும் முன் ஓய்வு நாள் வந்துவிடும். தமிழ்நாட்டில் நிலுவையில் நடவடிக்கை உள்ளவரை ஓய்வு பெற அனுமதிக்காமல் நிறுத்தி வைக்க அடிப்படை விதி 56-இல் வழி இருக்கிறது. அனுமதித்தாலும் தற்காலிக ஓய்வூதியம்தான், பணிக்கொடை நிற்கும். மாறுதல் ஆணையை எதிர்த்த வழக்கு என்ன ஆனது என்று அப்போது யாரும் கேட்க மாட்டார்கள். பத்து மாதப் பயணச் சிரமத்தைத் தவிர்க்கப் போய் முப்பது வருட உழைப்பின் பணத்தைப் பணயம் வைத்ததாக ஆகிவிடும்.

ஆகவே என் கருத்து இது. ஆணையில் பளிச்சென்று தெரியும் ஓட்டை இருந்து, நீங்கள் இன்னும் விடுவிக்கப்படாமல் இருந்தால், பணியேற்பிடைக் காலத்துக்குள்ளேயே தடையாணை கேட்டுப் போகலாம். அந்த நாட்கள் முடியும் வரை தடை கிடைக்கவில்லையா, போய்ச் சேருங்கள். சேர்ந்தால் வழக்கு பலவீனமாகிவிடும் என்று ஒரு பயம் பரவலாக இருக்கிறது. ‘எனது உரிமைகளுக்கும் மனுவுக்கும் பங்கமின்றிப் பணியேற்கிறேன்’ என்று பணியேற்பு அறிக்கையில் ஒரு வரி எழுதிவிட்டுச் சேர்ந்தால் வழக்கைத் தொடர எந்தத் தடையும் இல்லை.

ஆணையை வாங்காமல் ஓடி ஒளிவதும் வேண்டாம். பதிவுத் தபாலில் வரும், வீட்டுக் கதவில் ஒட்டுவார்கள், விடுவித்ததாகப் பதிவேட்டில் எழுதிவிடுவார்கள். மருத்துவ விடுப்பு உண்மையான நோய்க்கு மட்டும். மாறுதல் தேதியன்று தொடங்கும் மருத்துவச் சான்றை எந்த அலுவலரும் மருத்துவக் குழுவுக்கு அனுப்பாமல் விடமாட்டார். நானே அனுப்பியிருக்கிறேன்.

ஐந்தாம் படி: மனு

மாறுதலை மறுபரிசீலிக்கக் கேட்டுத் துறைக்குக் கொடுக்கும் மனு உரிய வழியாக, அதாவது உங்கள் அலுவலகத் தலைவர் மூலமாகப் போக வேண்டும். முன்நகல் ஒன்றை நேரடியாக மேலதிகாரிக்கு ஒப்புகை அட்டையுடன் அனுப்புங்கள். நீளம் ஒன்றரைப் பக்கத்தைத் தாண்டக் கூடாது. இப்படித் தொடங்கலாம்:

‘பொருள்: பணியமைப்பு – நிர்வாக மாறுதல் – 30.6.2027 பிற்பகல் வயது முதிர்வில் ஓய்வு பெற உள்ளமை – மறுபரிசீலனை கோருதல் – தொடர்பாக. பார்வையில் கண்ட ஆணைப்படி நான் இன்று முற்பகல் பணியேற்றுள்ளேன். ஓய்வுக்கு 10 மாதங்களே உள்ளன. எனது ஓய்வூதியக் கருத்துரு முந்தைய அலுவலகத்தில் தயாரிப்பில் உள்ளது. துறையின் மாறுதல் நெறிமுறைகள் பத்தி … ஓய்வை நெருங்கியவர்களுக்கு வழங்கும் சலுகையைக் கருத்தில் கொண்டு …’

இதில் அதிகாரியைத் தாக்கும் ஒரு சொல்கூட இல்லை, கவனித்தீர்களா? நாளைக்கு இந்த மனுதான் நீதிபதி கையில் இருக்கப் போகிறது. அதில் நீங்கள் ஆணைக்குக் கீழ்ப்படிந்தவராகவும் நியாயமாகப் பேசுகிறவராகவும் தெரிய வேண்டும்.

கேட்பதையும் ஒன்றோடு நிறுத்தாதீர்கள். பழைய இடம் முடியாது என்றால் அருகில் காலியாக உள்ள இரண்டு மூன்று இடங்களைப் பெயர் சொல்லிக் கேளுங்கள். இதில் ஒரு கண்ணி இருக்கிறது. நீங்கள் கேட்ட இடத்துக்கு மாற்றி வரும் புது ஆணையில் ‘சொந்த விருப்பத்தின் பேரில்’ என்று சேர்த்துவிடுவார்கள். பயணப்படி போகும். வேறு அலகு என்றால் முதுநிலையில் கடைசி ஆளாவீர்கள். ஓய்வுக்கு முன் ஒரு பதவி உயர்வு வரிசையில் இருந்தால் அதுவும் கைநழுவும். எனவே ‘நிர்வாக மாறுதலில் திருத்தம்’ என்ற சொல்லையே மனுவில் பயன்படுத்துங்கள்.

கூடவே தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு ஒரு மனு போட்டுவிடுங்கள். மாறுதல் கோப்பின் குறிப்புப் பக்கங்கள், அதே நிலையத்தில் உங்களைவிட அதிக காலம் இருக்கிறவர்கள் பட்டியல். பதில் வர 30 நாள் ஆகும், தடையாணைக்கு உதவாது. வழக்கு நீண்டால் உதவும்.

ஆறாம் படி: எந்தக் கோர்ட், என்ன கிடைக்கும்?

மாநில அரசு ஊழியருக்கு முன்பு தனித் தீர்ப்பாயம் இருந்தது, இப்போது இல்லை. நேராக உயர் நீதிமன்றத்தில் அரசமைப்பின் 226-ஆம் பிரிவில் ரிட் மனுதான். கன்னியாகுமரியிலிருந்து மேலே திருச்சி, கரூர், தஞ்சாவூர், புதுக்கோட்டை வரையுள்ள மாவட்டத்தார் 2004-இல் தொடங்கிய மதுரைக் கிளைக்குப் போக வேண்டும், மற்றவர்கள் சென்னைக்கு. மத்திய அரசு ஊழியரும் புதுச்சேரி அரசு ஊழியரும் சென்னையிலுள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் தொடங்க வேண்டும். அங்கே தோற்றால்தான் உயர் நீதிமன்றம். 1997-இல் சந்திரகுமார் வழக்குக்குப் பின் இதுதான் வரிசை. தீர்ப்பாயம் பொதுவாகத் துறைக்குள் உள்ள பரிகாரங்களை முடித்துவிட்டு வரச் சொல்லும், ஆகவே மனு கொடுத்த அத்தாட்சி இல்லாமல் போகாதீர்கள். போக்குவரத்துக் கழகம் போன்றவற்றில் சட்டப்படி ‘தொழிலாளி’ ஆகிறவர்களுக்குத் தொழில் தகராறு வழியும் உண்டு. ஆனால் பத்து மாதத்தில் முடிகிற வழி அல்ல அது.

பொது மாறுதல் மே மாதத்தில் வரும். உயர் நீதிமன்றத்துக்குக் கோடை விடுமுறையும் மே மாதத்தில்தான். விடுமுறைக்கால அமர்வு குறிப்பிட்ட நாட்களில் அவசர வழக்குகளை மட்டும் எடுக்கும். நாலு நாள் ஏமாந்தால் அடுத்த வாரம்தான். அதற்குள் உங்கள் இடத்தில் புது ஆள் வந்து, மேசை இழுப்பறைச் சாவியும் வாங்கியிருப்பார். அப்புறம் தடையாணை கேட்டால், "அவரை என்ன செய்வது?" என்ற கேள்விக்கு உங்கள் வக்கீல் பதில் சொல்லியாக வேண்டும். அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டி வரும்.

வக்கீலிடம் போகும்போது மாறுதல் ஆணை, விடுவிப்பு ஆணை, பணிப் பதிவேட்டின் முதல் பக்க நகல், துறை நெறிமுறை, மனு, ஒப்புகை அட்டை ஆகியவற்றைத் தேதி வரிசையில் அடுக்கி, மேலே ஒரே பக்கத்தில் தேதிப் பட்டியல் எழுதிக் கொண்டு போங்கள். பாதி வேலை முடிந்தது.

பெரும்பாலும் கிடைக்கும் உத்தரவு என்ன தெரியுமா? ‘மனுதாரரின் மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் தகுதியின் அடிப்படையில் முடிவெடுக்க வேண்டும்.’ தோல்வி என்று நினைத்து வருகிறவர்கள் உண்டு. ஓய்வை நெருங்கியவருக்கு இது மோசமான முடிவல்ல. ஓய்வு நெருங்கியது சட்ட உரிமை இல்லாவிட்டாலும், பரிசீலிக்கும் அதிகாரியின் மேசையில் அது நல்ல எடையுள்ள காரணம். கோர்ட் உத்தரவு இணைந்த மனுவை யாரும் அடியில் போட்டு வைக்க முடியாது. வழக்கு போடும்போதே, முக்கிய வேண்டுகோள் ரத்து, மாற்று வேண்டுகோள் பரிசீலனை, அதுவரை இப்போதைய நிலை தொடரட்டும் என்று மூன்றையும் கேட்டுவிடச் சொல்லுங்கள்.

தனி நீதிபதி ரிட் மனுவைத் தள்ளினால், அதே உயர் நீதிமன்றத்தில் இரு நீதிபதிகள் கொண்ட அமர்வில் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் நாட்காட்டியைப் பாருங்கள். ஆறு மாதம் உள்ளவர் மேல்முறையீடு போட்டால், விசாரணைக்கு வரும் நாளில் அவர் வீட்டில் சாய்வு நாற்காலியில் இருப்பார், வழக்கு பயனற்றுப்போனதாக முடிக்கப்படும். அதற்கான செலவில் அந்த ஆறு மாதத்துக்குப் புது ஊரில் நல்ல வீடே வாடகைக்கு எடுக்கலாம். விருப்ப ஓய்வு என்று கோபத்தில் எழுதிக் கொடுப்பதும் வேண்டாம். மூன்று மாத முன்னறிவிப்பு வேண்டும், நிலுவை நடவடிக்கை இருந்தால் மறுக்கவும் செய்வார்கள்.

ஏழாம் படி: ஓய்வூதியக் கருத்துரு

வழக்கின் முடிவு எதுவானாலும் இந்தப் படி உண்டு. மாறுதல் வந்தால் உங்கள் பணம் பெற்று வழங்கும் அலுவலர் மாறிவிடுகிறார். கருத்துருவை, அதாவது ஓய்வூதியம் கேட்டு அனுப்பும் ஆவணத் தொகுப்பை, மாநிலக் கணக்காயருக்கு அனுப்ப வேண்டியவர் புது அலுவலகத்தில் இருக்கிறார், பணிப் பதிவேடு பழைய அலுவலகத்தில் இருக்கிறது. ‘களஞ்சியம்’ மென்பொருளில் பழைய இடம் உங்களை விடுவித்தால்தான் புது இடம் உங்களுக்குச் சம்பளம் போட முடியும். விடுவிக்கப்படும் நாளன்றே முன் ஊதியச் சான்று, நிலுவையில்லாச் சான்று, விடுப்புக் கணக்கு ஆகியவை போய்ச் சேர வழி செய்யுங்கள். பணிப் பதிவேட்டில் எல்லாப் பதிவுக்கும் சரிபார்ப்புக் கையெழுத்து இருக்கிறதா என்று கிளம்பும் முன் நீங்களே ஒரு தடவை புரட்டுங்கள். அடுத்த மாதம் அதைத் தேடிக் கொடுக்கிற ஆள் உங்கள் நண்பராக இருக்க மாட்டார்.

எங்கள் அலுவலகத்தில் ஒரு கண்காணிப்பாளர் அம்மா இருந்தார். ஓய்வுக்கு எட்டு மாதம் இருக்கையில் மாறுதல். வழக்கு போட்டார், நல்ல காரணம் இருந்தது, தடையாணையும் கிடைத்தது. பழைய நாற்காலியிலேயே வந்து உட்கார்ந்தார், எல்லோரும் இனிப்பு சாப்பிட்டோம். ஆனால் விடுவிக்கப்பட்ட நாளுக்கும் தடையாணையோடு திரும்பிச் சேர்ந்த நாளுக்கும் இடையே 43 நாள். அந்த நாட்கள் விடுப்பா, கட்டாயக் காத்திருப்பா (பணியிடம் இல்லாமல் காத்திருந்த காலம்), பணிக்காலமா என்று முறைப்படுத்தி யாரும் ஆணை போடவில்லை. அவரும் கேட்கவில்லை, ஜெயித்த மகிழ்ச்சி. ஓய்வு பெற்றபின் கருத்துரு ஆட்சேபணையோடு திரும்பி வந்தது. பழைய அலுவலகத்துக்கு மதிய வெயிலில் வந்து என் மேசைக்கு எதிரே உட்கார்ந்து, "தம்பி, அந்தப் பக்கத்தக் கொஞ்சம் காட்டு" என்றார். பணிப் பதிவேட்டில் அவர் கைபட்டுப் பழுத்த பக்கங்களுக்கு நடுவே, ஒரு பதிவுக்கும் அடுத்த பதிவுக்கும் இடையில் இரண்டு விரற்கடை அளவு வெற்றிடம். அதை நிரப்ப வேண்டிய மூன்று வரி ஆணைக்கு ஐந்து மாதம் அலைந்தார்.

நீங்கள் ஜெயித்துத் திரும்பி வந்தால், இருக்கையில் உட்காரும் முன் எழுத வேண்டிய முதல் கடிதம் அந்த இடைப்பட்ட நாட்களை முறைப்படுத்தக் கேட்கும் கடிதம்தான். இரண்டு நகல் எடுத்து, ஒன்றில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்கி வீட்டில் வைத்துக்கொள்ளுங்கள்.